மாற்கு நிறுத்திய இடம்

ஆரோக்கியமேரிக்குப் பேகம்பேட்டில் ஒரு மென்பொருள் அலுவலகத்தில் டெஸ்டிங் வேலை. அடுத்தவர் எழுதியதில் பிழை தேட வேண்டும். ஞாயிறுகளில் தனியாக இருக்கப் பயந்து ஓர் இறையியல் வகுப்பில் சேர்ந்திருந்தாள். ஈஸ்டருக்குள் கட்டுரை கொடுக்க வேண்டும்: காலியான கல்லறையைப் பற்றி நான்கு நற்செய்திகளும் என்ன சொல்கின்றன?

பழக்க தோஷத்தில் எக்செல் தாளில் நான்கு பத்திகள் போட்டாள். கல்லறைக்கு வந்த பெண்கள் எத்தனை பேர்? அப்போது விடிந்திருந்ததா? உள்ளே இருந்தது ஒருவரா, இருவரா? ஒத்துப்போகாத கட்டங்களுக்குச் சிவப்பு. பக்கத்து இருக்கை ஸ்ரீஜா எட்டிப் பார்த்து, தேவுடு மேலேயே பிழை, பக் என்று போடுகிறாயே, சரிசெய்ய யாருக்கு அசைன் செய்வாய் என்று தெலுங்கில் கேட்டுச் சிரித்தாள்.

வகுப்பில் ஒரு விதி சொல்லித் தந்திருந்தார்கள். முதலில் எழுதியது சுருக்கமாக இருக்கும், நாளாக ஆகக் கதை நிரம்பும். நான்கில் மாற்கு எழுதியதுதான் முந்தியது. அதன் மிகப் பழைய பிரதிகளில் பெண்கள் பயந்து ஓடுகிறார்கள், யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. அங்கேயே நின்றுவிடுகிறது. கடைசியாக வந்த யோவானில்தான் உயிர்த்தெழுந்தவர், கல்லறைக்கு வெளியே அழுதுகொண்டு நின்ற மரியாவைப் பேர் சொல்லிக் கூப்பிடுகிறார்.

அந்த வரியைத் தட்டியவள் அடுத்த கட்டத்துக்குப் போகாமல் தாளை மூடினாள்.

ஜனவரியில் திருச்சியில் அப்பா இறந்தபோது அவள் இங்கே ஒரு மென்பொருளின் ரிலீஸ் வேலையில் இருந்தாள். அன்று போனில் அண்ணன் சகாயராஜ் சொன்னது: "அப்பா ஒண்ணும் சொல்லல மேரி. மூச்சு நின்னுபோச்சு." முப்பதாம் நாள் பூசை முடிந்து தங்கை பெலிசியா சொன்னது: "கடைசியா ஒன் பேரைத்தான்க்கா சொன்னாரு." அதை வைத்துக்கொண்டுதான் இத்தனை மாலைகளில் பூட்டைத் திறந்து இருட்டு அறைக்குள் போக முடிந்தது.

அன்று மாலை செருப்பைக்கூடக் கழற்றாமல் பெலிசியாவைக் கூப்பிட்டாள்.

"அப்பா நெஜமாவே என் பேரைச் சொன்னாரா?"

பெலிசியா குக்கரை அணைத்துவிட்டு வந்தாள்.

"பூசை முடிஞ்சு கல்லறை வாசல்கிட்ட நீ மட்டும் நின்ன. பாக்க முடியலக்கா. அதான் அப்புடிச் சொன்னேன்."

மேரி திட்டத்தான் நினைத்திருந்தாள். செருப்பைக் கழற்றிவிட்டுத் தரையில் உட்கார்ந்தாள்.

"இன்னொரு தடவ சொல்லு," என்றாள்.

பெலிசியா முதலிலிருந்து சொன்னாள். இந்த முறை அப்பா கண்ணைத் திறந்து, வாசல் பக்கம் பார்த்து, இரண்டு தடவை கூப்பிட்டார்.