குண்டுவுக்கு அங்கே இடமில்லை

ஞாயிற்றுக்கிழமை உலகம் அழியப் போகிறது என்று, வெள்ளிக்கிழமையே அத்தான் நாயைக் கொல்லக் கொண்டுவந்துவிட்டார். நான் கால்நடை மருத்துவர். அவருக்கு மைத்துனி. இந்த இரண்டாவது தகுதிக்காகத்தான் என்னைத் தேடி வந்திருந்தார்.

குண்டுவுக்கு ஒரு நோயும் இல்லை. மேசைமேல் ஏற்றியதும், வழக்கமான தடுப்பூசி என்று நினைத்து முன்னங்காலை அதுவே நீட்டியது.

"நாங்க எல்லாரும் மேல போயிடுவோம். நாய்க்கு அங்க இடமில்லன்னு எங்க சபைப் பெரியவர் சொல்லிட்டாரு. இது பட்டினி கிடந்து சாக வேண்டாம், நீயே முடிச்சு விட்டுடு," என்றார் அத்தான்.

"எனக்கு?"

"மனசு மாறினா உனக்கும் இடம் உண்டு."

என்ன தாராளம்! அக்கா வாசலிலேயே நின்றாள்.

"உன் கால்மாட்டிலயேதானே படுத்துக் கிடந்துச்சு, அக்கா?"

"அதான் உங்கிட்ட கொண்டாந்தோம். நீ வலிக்காம செய்வே."

கொல்லச் சொல்வதிலும் தன்னை நல்லவளாக நினைத்துக்கொள்ள இவளால் முடிகிறதே! முடியாது என்று சொன்னால் வேறு ஆளிடம் போவார்கள். விட்டுவிட்டுப் போகச் சொன்னேன். கூட நின்று பார்க்க இருவருக்கும் தைரியமில்லை. அவர்கள் தெரு திரும்பியதும் குண்டுவைப் பின்னறையில் விட்டுச் சோறு வைத்தேன்.

ஞாயிறு வந்தது, போனது. ஒரு தூறல்கூட இல்லை.

திங்கட்கிழமை இருவரும் வந்தார்கள். வெட்கப்பட்டு அழுவார்கள் என்று எதிர்பார்த்த என்னைச் சொல்ல வேண்டும்.

"தேதியைக் கணிச்சதுல சின்னத் தப்பாம். அடுத்த வருஷந்தான். அதுவரைக்கும் வீட்டுக்குக் காவல் வேணுமில்ல? குட்டி ஏதாவது வந்தா சொல்லு," என்றார் அத்தான், நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு.

அவர் குரல் கேட்டதுதான் தாமதம், பின்னறைக் கதவைப் பிறாண்டிக்கொண்டு குண்டு குரைத்தது. அக்காவுக்கு முகமெல்லாம் சிரிப்பு.

"ஐயோ, நம்ம குண்டு! இருக்குதா?"

"நல்லதாப் போச்சு. புதுசா ஒண்ணைப் பழக்குற வேலை மிச்சம். அடுத்த வருஷம் மறுபடி உங்கிட்டயே கொண்டாந்துடறோம்," என்றார் அத்தான்.

அக்கா மறுத்து ஒரு வார்த்தை சொல்வாளா என்று பார்த்தேன். அவள் குண்டுவின் கழுத்துப்பட்டையைத் தேடிக்கொண்டிருந்தாள்.

கதவில் முதுகைச் சாய்த்து நின்றேன்.

"ரெண்டு பேரும் வெளிய போங்க."

எனக்குப் பின்னால் குண்டு முட்டி முட்டிக் கதறியது, அவர்களிடம் போக வேண்டுமென்று.