மாதம் ஒரு கொலை

பதினெட்டு வருடம் மாதம் ஒரு கொலை செய்தவர் இம்மானுவேல். எல்லாம் காகிதத்தில்தான். பசுமலை வீட்டு மாடியில் உட்கார்ந்து மூன்றே நாளில் ஒரு மாத நாவலை முடித்து, கையெழுத்துப் பிரதியைச் சென்னைக்குத் தபாலில் போட்டுவிட்டு, நாலாம் நாள் நிம்மதியாகத் தூங்குவார். நகல் வைத்துக்கொள்ளும் பழக்கம் கிடையாது. அச்சாகி வரும் புத்தகத்தையும் கேட்டவருக்குத் தூக்கிக் கொடுத்துவிடுவார். மாத நாவல்கள் படுத்துவிட்ட பிறகு டிவி சீரியல்கள் அவருக்குக் கைகொடுத்தன. கடைசி மூன்று வருடமாக ஒரே சீரியலுக்குக் கதை, திரைக்கதை, வசனம்.

இப்போது அதற்கும் வந்தது ஆபத்து. அடுத்த வாரம் சீரியலில் என்ன நடக்கும் என்று ஃபேஸ்புக்கில் ஒரு பக்கம் நாலு வாரமாகப் புட்டுப்புட்டு வைத்தது. ஒன்றுகூடத் தப்பவில்லை. சேனலில் சீரியலைக் கவனிக்கும் அஸ்வினி போன் செய்து, கதை மதுரையிலிருந்துதான் கசிகிறது, இன்னொரு முறை நடந்தால் வேறு எழுத்தாளரைப் போட்டுக்கொள்வோம் என்று சொல்லிவிட்டாள். ஐம்பத்தெட்டு வயதில் வேறு எங்கே போய் நிற்பது?

கதை தெரிந்தவர்கள் வீட்டில் இரண்டே பேர். முதலில் மனைவி ஷெரினைச் சந்தேகப்பட்டார். கதவுக்குப் பின்னால் நின்று அவள் போன் பேச்சை ஒரு வாரம் ஒட்டுக்கேட்டதில், சர்ச் பெண்கள் சங்கத்தில் யாருக்கும் யாரையும் பிடிக்காது என்பது மட்டும் தெரிந்தது. மிச்சம் இருந்தவள் சாதிகா. விளாங்குடியிலிருந்து பஸ் பிடித்து வந்து, அவருடைய கோழிக்கிறுக்கலை ஆறு வருடமாக டைப் செய்து சென்னைக்கு அனுப்பிக்கொண்டிருந்தவள்.

ஒருநாள் அவர் சத்தமில்லாமல் மாடியேறினார். சாதிகா அவருடைய தாளைப் போனில் படம் எடுத்துக்கொண்டிருந்தாள். எழுத்து புரியாத இடத்தைப் பெரிதாக்கிப் பார்க்கத்தான் என்றாள். அவருடைய நாவல்களில் எந்தத் துப்பறிவாளனும் இந்தப் பதிலை நம்பியிருக்க மாட்டான். அவரும் நம்பவில்லை. நாளை முதல் வரவேண்டாம் என்றார். அவள் டிபன் பாக்ஸை எடுத்துக்கொண்டு இறங்கிப்போனாள். ஆள் அகப்பட்டுவிட்டது என்று அன்றைக்கே அஸ்வினியிடம் பெயரைச் சொன்னார். அவள் அதைச் சீரியல்காரர்களின் வாட்ஸ்அப் குரூப்பில் போட்டுவிட்டாள்.

அடுத்த வாரக் கதையை அவர் யாரிடமும் மூச்சுவிடவில்லை. கொலைகாரி வேலைக்காரி இல்லை, செத்தவளின் தங்கைதான் என்று மனதுக்குள்ளேயே முடிவு செய்தார். பேனாவை எடுப்பதற்கு முன்னால் ஃபேஸ்புக்கைத் திறந்தார். "கொன்னது தங்கச்சி. வேணும்னா பாருங்க" என்று அந்தப் பக்கத்தில் இருந்தது.

அந்தப் பக்கத்துக்கே ரசிகர்போல மெசேஜ் அனுப்பி நைசாக விசாரித்தார். எந்த ஒளிவுமறைவும் இல்லாமல் விலாசம் வந்தது. நாகமலை புதுக்கோட்டையில், பல்கலைக்கழகத்துக்குப் பக்கத்தில் ஒரு டீக்கடை. பக்கத்தை நடத்துபவளின் பெயர் முத்துத்தாய். மறுநாள் காலையில் வண்டியை எடுத்துக்கொண்டு போனார்.

வடைச்சட்டி முன்னால் நின்றவள் அவரைக் கண்டதும் அடுப்பைத் தணித்தாள். புத்தகத்தின் பின்னட்டையில் பார்த்த முகமாம். உள்ளே ஓடிப்போய், நாலு நாலாகச் சேர்த்து பைண்டு செய்த மாத நாவல்களைக் கொண்டுவந்து பெஞ்சில் அடுக்கினாள். ஒன்றை எடுத்துப் பிரித்துக் காட்டினாள். இருபத்து மூன்று வருடத்துக்கு முந்தியது. அக்காவைத் தங்கை கொல்கிறாள். சீரியலில் வந்த அதே விஷம், அதே பால் டம்ளர். இம்மானுவேல் அந்தப் பக்கங்களை யாரோ எழுதியதைப்போலப் படித்தார். ஒரு வரிகூட ஞாபகமில்லை. நாலு வாரக் கதையும் அந்த பைண்டுகளுக்குள்ளேயே இருந்தது.

"பழைய வாசகர் யாராச்சும் கண்டுபிடிக்கிறாங்களான்னு நீங்க வெளையாட்டுக் காட்டுறீங்கன்னு நெனச்சேன் சார்" என்றாள் முத்துத்தாய். அவருக்குக் கெடுதல் என்று தெரிந்ததும் பதறிப்போய், அங்கேயே ஃபேஸ்புக் பக்கத்தை அழித்துவிட்டாள்.

திரும்பும் வழியில் அஸ்வினி கூப்பிட்டாள். பக்கம் காணாமல் போய்விட்டதாம், அந்தப் பெண்ணை விரட்டியது நல்லதாம், இன்னும் ஒரு வருடம் அவரே எழுதலாமாம். சரிம்மா என்றார். அதோடு வாயை மூடிக்கொண்டால் காரியம் முடிந்தது. பசுமலைக்குத்தான் வண்டியைத் திருப்பினார். வீட்டு வாசல்வரை போய்விட்டு, நெஞ்சு கேட்காமல் விளாங்குடிக்கு விட்டார்.

சாதிகா கதவைப் பாதி திறந்தாள். உள்ளே கூப்பிடவில்லை. அவர் நடந்ததையெல்லாம் நின்றபடியே சொல்லி மன்னிப்புக் கேட்டார்.

"மெட்ராஸ்ல இதைச் சொல்லிட்டீங்களா சார்?"

அவர் இல்லையென்று தலையாட்டினார்.

"ஆறு வருசமா உங்க எழுத்த நான் ஒருத்திதான் படிக்கிறேன். ஒரு நிமிசம் என்னைய நம்பியிருக்கலாம். குரூப்புல பேரு வந்தத யாரோ எங்கத்தாகிட்டக் காட்டிட்டாங்க. அன்னையிலருந்து பெத்த மகளோட அவரு பேசல."

வெட்கம் அவரைப் பிடுங்கித் தின்றது. அங்கேயே போனை எடுத்து அஸ்வினியைக் கூப்பிட்டார்.

"திருட்டு எதுவும் நடக்கலம்மா. நான் எப்பவோ எழுதுனத நானே மறந்துட்டு, புதுசுன்னு உங்களுக்குக் குடுத்திருக்கேன். சாதிகா மேல ஒரு குத்தமும் இல்ல. பேரப் போட்ட அதே குரூப்புல இதையும் போடுங்க."

குரூப்பில் போட்டுவிடுவதாகவும், அடுத்த வாரத்திலிருந்து கதையைத் தாங்களே பார்த்துக்கொள்வதாகவும் அஸ்வினி மரியாதையாகச் சொல்லிவிட்டு வைத்தாள்.

ஐந்து நிமிடத்தில் குரூப்பில் செய்தி வந்தது. சாதிகா அவர் கையிலிருந்து போனை வாங்கி இரண்டு தடவை படித்தாள். பிறகு அவரை வாசலிலேயே விட்டுவிட்டு, போனோடு உள்ளே அத்தாவிடம் ஓடினாள்.