அரோனியாச் சாற்றுக்குள் ஒரு குளிசை

என் மனுசன் பேரின்பநாதனுக்கு டொக்டர் பிரஷர் குளிசை எழுதிக் கொடுத்து மூன்று வருடமாகிறது. அவர் ஒன்றைக்கூட விழுங்கியதில்லை. அதாவது, தெரிந்து விழுங்கியதில்லை.

"தொடங்கினால் சாகுமட்டும் விடேலாது" என்று குளிசைப் போத்தலைத் தள்ளி வைத்தவர், அரோனியாப் பழம்தான் மருந்தென்று யூடியூப்பில் யாரோ சொன்னதை மட்டும் நம்பினார். வில்லரேயில் எங்கள் வீட்டு வேலியோரம் நான்கு செடிகள் வளர்ந்து நிற்கின்றன. எந்தக் குளிருக்கும் சாகாத சாதி. பழம் கறுப்பு, துவர்ப்பில் நாவற்பழத்துக்கு அண்ணன். குருவிகூட வேறு வழியில்லாவிட்டால்தான் கொத்தும். கோடை முடிவில் பறித்து, துவர்ப்பு அடங்க ஃப்ரீசரில் போட்டு வைத்து, ஒவ்வொரு காலையும் நான் சாறு பிழிந்து கொடுக்க வேண்டும். கெடுகுடி சொற்கேளாது. பயத்தில், குளிசையை அரைத்து அந்தச் சாற்றிலேயே கலந்தேன். அந்தத் துவர்ப்புக்குள் வேப்பெண்ணெய் விட்டாலும் தெரியாது.

பிரஷர் இறங்கியது. புகழ் முழுவதும் செடிக்குப் போனது.

அன்றிலிருந்து நான் ஆப்பிழுத்த குரங்கு. ஒரு நாள்கூட வெளியில் தங்க முடியாது. கல்கரியில் மகள் சாருஜாவுக்கு அடுத்த மாதம் பிள்ளைப்பேறு, தலைப்பிள்ளை. "நீர் போயிட்டு வாருமன். எனக்குச் சாறு பிழியத் தெரியாதே?" என்கிறார் இவர், பெரிய மனதோடு. சாறு பிழிவார்; குளிசையை யார் கலப்பது?

போன ஞாயிறு பூசை முடிந்து இவருடைய கூட்டாளி பத்திநாதர் வெறும் போத்தலோடு வந்தார். ஒருமுறை மாரடைப்பு வந்த மனிதர்.

"தங்கச்சி, எனக்கும் சாறு தாங்கோ. இவர் சொன்னதைக் கேட்டு நானும் குளிசையை விட்டிட்டன். பத்து நாளாச்சு."

இவர் பெருமையாகச் சிரித்தார். நான் போத்தலை வாங்கவில்லை.

"அண்ணை, இண்டைக்கே குளிசையைப் போடுங்கோ. இவருக்குப் பிரஷரை இறக்கினது பழமில்லை. மூண்டு வருசமா நான்தான் சாற்றுக்குள்ள குளிசையை அரைச்சுக் கலக்கிறன்."

பத்திநாதர் போத்தலை மேசையில் வைத்துவிட்டு எழும்பிப் போனார். அவர் அன்றே குளிசையைத் தொடங்கியதாக அவர் மனைவி போனில் சொன்னாள். அந்தப் புண்ணியம் எனக்கு உண்டு.

இவர் மறுநாள் காலையில் தானே சாறு பிழிந்தார். பக்கத்தில் குளிசையை வைத்தேன். தள்ளிவிட்டார்.

"மூண்டு வருசம் ஏமாத்தின கையால எனக்கு இனி ஒண்டும் வேண்டாம்."

சொன்னபடியே இருக்கிறார். நான் சமைத்ததையும் தொடுவதில்லை. தெருமுனைக் கடையான தெப்பனேரில் பாண் வாங்கித் தின்கிறார். கோபத்தைவிட எனக்குப் பயம்தான் கூட.

நேற்று சாருஜா போன் எடுத்தாள். "அம்மா, டிக்கெட் போட்டாச்சே?"

எதிரே இவர் பிரஷர் பார்த்துக்கொண்டிருந்தார். நூற்றுத் தொண்ணூறு. நான் பார்த்ததைக் கண்டதும் மெஷினை நிற்பாட்டிவிட்டு, கிளாசில் மிச்சமிருந்த சாற்றை ஒரே மடக்கில் குடித்தார்.

"நான் வரேல்லைப் பிள்ளை" என்றேன்.