எந்தச் சரி

வேலை முடிந்து வீட்டுக்கு வந்து, பையைத் தோளிலிருந்து இறக்கி, பழக்க தோஷத்தில் அப்படியே பின்னால் சாய்ந்து உட்காரப் போனேன். உட்கார ஒன்றும் இல்லை. சுவர் மட்டும் இல்லையென்றால் மல்லாந்திருப்பேன். பதினோரு வருடமாகக் கூடத்தில் கிடந்த பச்சை சோபாவைக் காணோம். அது இருந்த இடத்தில் தரை மட்டும் நீளமாக, புதுசு போலப் பளிச்சென்று தெரிந்தது.

"தங்கச்சி வீட்டுக்கு அனுப்பிட்டேன்," என்றார் என் வீட்டுக்காரர். ஃப்ரிட்ஜ் ரிப்பேர் செய்கிறவர். ஒரு காரியத்தைச் சொல்லிவிட்டால் அதைச் செய்யாமல் அவருக்குச் சாப்பாடு இறங்காது. "மூணு மணிக்கு போன் பண்ணி உன்னைக் கேட்டுட்டுத்தானே அனுப்பினேன். சரின்னு சொன்னியே."

"நான் சொன்னது, காதுல விழுது சொல்லுங்கங்கற சரி."

"அதுக்குத் தனியா ஒரு சரி இருக்கா?"

"இருக்கு. இழுத்துச் சொன்னா கேட்டுக்கிட்டேன்னு அர்த்தம். வெட்டிச் சொன்னாத்தான் சம்மதம்."

"போன்ல இழுக்கறதும் வெட்டறதும் எனக்கு ஒண்ணாத்தாம்மா கேட்டுச்சு."

பதினெட்டு வருடக் குடித்தனத்தில் இந்த மனிதரிடம் நான் ஜெயிக்காத சண்டை ரொம்பக் குறைவு. இதையும் ஜெயித்திருப்பேன். ஆனால் வாயைத் திறந்தவள் அப்படியே நின்றுவிட்டேன். மூன்று மணிக்கு இவர் போனை வைத்தார். மூன்று பத்துக்கு மேஜைமேல் இருந்த ஸ்பீக்கரில் தலைமை அதிகாரியின் குரல் வந்தது. அவரும் என்னவோ கேட்டார். அவருக்கும் அதே சரியைத்தான், அதே இழுப்பில் சொல்லியிருந்தேன்.

என் வேலை நிலவில் கல் எண்ணுவது. கிண்டலுக்குச் சொல்லவில்லை, சம்பளப் பட்டியலில் வேறு பெயர் இருந்தாலும் வேலை அதுதான். ஆபீசில் எனக்குப் பெயரே கல்லக்கா. எங்கள் விண்கலம் நான்கு காலில் போய் இறங்க வேண்டும். காலுக்கும் வயிற்றுக்கும் நடுவே அறுபது சென்டிமீட்டர். அதைவிட உயரமான கல் ஒன்று அடியில் அகப்பட்டால், பத்து வருட உழைப்பு வயிறு கிழிந்து கிடக்கும். மேலிருந்து எடுத்த படத்தில் கல்லின் உயரம் தெரியாது, நிழல்தான் தெரியும். உச்சி வெயிலில் எடுத்த படத்தில் அதுவும் இல்லை, கல்லும் தரையும் ஒரே சாம்பல். சூரியன் சாய்ந்து ஆறு டிகிரிக்கு வரும்போது ஒரு மீட்டர் கல் ஒன்பதரை மீட்டர் நிழல் போடும். அப்போது எந்தக் கல்லாலும் என்னிடம் ஒளிந்துகொள்ள முடியாது.

அப்படிச் சாய்ந்த வெயிலில் எடுத்த படங்கள் பன்னிரண்டு நாளைக்கு முன்புதான் வந்தன. கம்ப்யூட்டர் அரை மணியில் எண்ணி, எல்லாம் சுத்தம் என்றது. அதை நம்பிவிட்டுக் காப்பி குடிக்கப் போகிற ஆள் நான் இல்லை. ஓரத்திலிருந்து ஆரம்பித்து, சுற்றிச் சுற்றி உள்ளே வருவது என் வழக்கம். எத்தனையோ பேர் எத்தனையோ விதமாகச் சொல்லியும் மாற்றிக்கொள்ளவில்லை. மூன்று பத்துக்கு நடுக்கட்டம் மட்டும் பாக்கி இருந்தது. இறங்கப் போகிற இடம் அதுதான். இறங்க இன்னும் நான்கு நாள். மறுநாள் மதியம் பன்னிரண்டுக்கு இடத்தின் கணக்கு விண்கலத்துக்குப் போய்விடும். அங்கே இப்போது இருட்டு, இறங்கும் நாளன்றுதான் விடியும். புதிதாகப் படம் எடுக்கவும் வழியில்லை.

தலைமை அதிகாரிக்கு போன் போட்டேன். எந்நேரமும் மணியைப் பார்ப்பதால் அவருக்குக் கடிகாரம் என்று பெயர். நேரில் யாரும் சொல்வதில்லை, அவருக்கும் தெரியாமல் இல்லை.

"சார், மத்தியானம் நான் சொன்ன சரி ஒப்புதல் இல்ல. நடுக்கட்டம் நான் இன்னும் எண்ணல."

"கல்லு இருக்காம்மா?"

"தெரியாது சார்."

"காலையில பதினோரு மணிக்குள்ள தெரிஞ்சுக்கிட்டு வாங்க. இருக்கோ இல்லையோன்னு வராதீங்க."

ஆறு மணிக்கெல்லாம் ஆபீசில் இருந்தேன். வாசலில் காவலர் கையெழுத்து நோட்டை நீட்டியபோது அவசரத்தில் என் பெயரை நேற்றைய தேதிக்கு நேரே எழுதினேன். ஏழரைக்கு அந்தக் கல் வரிசை கிடைத்தது. ஏழு கல், ஒன்றுக்கு ஒன்று ஒட்டினாற்போல. நிழல்கள் கலந்து ஒரே கறுப்புப் பட்டையாகக் கிடந்ததைத் தரையில் ஒரு மடிப்பு என்று எடுத்துக்கொண்டிருந்தது கம்ப்யூட்டர். பட்டையின் விளிம்பில் ஏழு முனை. நீளமான முனை பத்தரை மீட்டர். அப்படியென்றால் கல் என் இடுப்புக்கு மேலே. நான் பயப்படவில்லை. நிஜமாகவே சந்தோஷமாக இருந்தது. கண்ணால் பார்த்துவிட்ட கல்லிடம் எனக்கு என்றைக்கும் பயம் கிடையாது. அதற்குப் பிறகு மூன்றரை மணி நேரமும் வேறு இடம் தேடுவதில் போயிற்று.

பதினோரு மணிக்குக் கூட்டம். நான் சொல்லி முடிப்பதற்குள் எரிபொருள் பிரிவுத் தலைவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். எரிபொருளில் ஒரு சொட்டுக்கும் கணக்குக் கேட்பவர், அதனால் கஞ்சன். என்னைவிடச் சின்னவர்.

"அக்கா, நேத்து சரின்னு சொன்னீங்க. ரெக்கார்டு இருக்கு."

"போட்டுக் காட்டுங்க," என்றேன்.

போட்டார். கடிகாரத்தின் குரல் என் பிரிவைக் கூப்பிட்டது: "நிலப்பரப்பு. அதே இடத்தையே வெச்சுக்கலாமா?" பிறகு என் குரல்: "ம்ம்... சரீ... நாப்பத்தொண்ணு, நாப்பத்திரண்டு, சனியனே நகராதே, நாப்பத்திமூணு..."

அறையே சிரித்தது. கஞ்சனும் சிரித்தார். கடிகாரம் மட்டும் சிரிக்கவில்லை. நேற்றைய பட்டியலை எடுத்தார். பதினோரு பிரிவு, பதினோரு டிக். ஒவ்வொருவர் முகமாகப் பார்த்து, "நீங்க சொன்னது எந்தச் சரி?" என்று கேட்டுக்கொண்டே போனார். வெப்பப் பிரிவுக்காரர் முறை வந்ததும் அவர் காது சிவந்தது.

"கேட்டுச்சுங்கற சரி சார். சோதனை முடிவு ராத்திரிதான் வந்துச்சு. நல்லாத்தான் இருக்கு. ஆனா நேத்து சொன்னப்போ வரல."

கடிகாரம் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். "இனிமே இந்த அறையில யார் வாயிலயும் அந்த வார்த்தை வரக்கூடாது. இறங்கலாம், இல்ல வேண்டாம். ரெண்டே ரெண்டுதான்." பிறகு என் பக்கம் திரும்பினார். "வேற இடம்?"

"தென்மேற்குல முந்நூத்தி நாப்பது மீட்டர் தள்ளி சார்."

"அந்த இடத்தைப் பத்தி நமக்கு என்ன தெரியும்?" என்றார் கஞ்சன். குரலில் இப்போது சிரிப்பு இல்லை. "பழைய இடத்தை ரெண்டு வருஷமா பாத்துருக்கோம். இதுக்கு ஒரே ஒரு படம். அதையும் பாத்தது நீங்க ஒருத்தர். இன்னைக்கு மதியத்தை விட்டா இந்த விடியல் போச்சு, அங்க அடுத்த விடியல் ஒரு மாசம் கழிச்சு. அதுவரைக்கும் சுத்தறதுக்கு என்கிட்ட எரிபொருள் இல்ல. நீங்க தப்புன்னா எல்லாம் போச்சுக்கா."

அவர் சொன்னதில் ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை. எல்லோரும் என்னையே பார்த்தார்கள். பேசாமல் பழைய இடத்தையே வைத்துக்கொண்டால், கல்லில் மாட்டுகிறதோ இல்லையோ, பழி பதினோரு பேருக்கும் பங்காகிவிடும். புது இடம் என்றால் முழுசும் என் தலையில். என்னிடம் இருந்ததெல்லாம் இரண்டு கண்ணும் ஒரு படமும்தான். ஆனால் அந்தக் கண்கள் எனக்குத் தெரியும்.

"இருநூத்திப் பதினாறு கல்லு. பெருசு முப்பது சென்டிமீட்டர். ரெண்டு தடவை எண்ணினேன். ரெண்டாவது தடவை படத்தைத் தலைகீழா வெச்சு எண்ணினேன், முதல் தடவை பாத்தது ஞாபகத்துல வந்து ஏமாத்தக்கூடாதுன்னு. இறங்கலாம்."

கடிகாரம் கடிகாரத்தைப் பார்த்தார். பதினொன்று நாற்பது.

"கையெழுத்துப் போடுங்கம்மா," என்றார்.

நான்காம் நாள் காலை, அதே அறையில் பதினோரு குரல்கள் பதினோரு தடவை 'இறங்கலாம்' என்றன. என்னுடையது ஒன்பதாவது. அதற்குப் பிறகு யாருக்கும் ஒரு வேலையும் இல்லை. விண்கலம் தானாக இறங்கும், நாங்கள் கையைக் கட்டிக்கொண்டு பார்க்க வேண்டியதுதான். ஐந்து கிலோமீட்டர். இரண்டு. எண்ணூறு மீட்டர். கஞ்சன் தன் எரிபொருள் அளவைப் பார்க்காமல் என் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். தூரத்தில் வலது ஓரமாக அந்த ஏழு கல் வரிசை நகர்ந்து போயிற்று. படத்தில் பார்த்ததைவிட அசிங்கமாக இருந்தது. யாரோ மூச்சை இழுத்தார்கள். நூற்றைம்பது மீட்டர். எண்பது. அதற்குமேல் உயரம் சொல்லும் கருவியிலிருந்து எண் வருவது நின்றுவிட்டது.

"புழுதியில தடுமாறுது," என்றது ஒரு குரல். "எவ்வளவு உயரம்? யாருக்காவது தெரியுதா?"

பக்கவாட்டுக் கேமராவில் தரை வெளிறிக் கிடந்தது. அதன் கோடியில், நூறு மீட்டருக்கு அந்தப் பக்கம், கறுப்பாக ஒன்று அசைந்தது. இரண்டு வருடத்தில் அங்கே நான் பார்த்த எதுவும் அசைந்ததில்லை. நான்கு கால், நடுவே ஒரு வயிறு. எங்கள் விண்கலத்தின் நிழல்தான். அங்கே விடிந்து கொஞ்ச நேரமே ஆகியிருந்தது, சூரியன் ஆறு டிகிரியில் நின்றது. நிழல் ஒன்பதரை மீட்டர் தள்ளி விழுந்தால் கலம் ஒரு மீட்டர் உயரத்தில்.

"பத்து மீட்டர்," என்றேன். என் குரல் எனக்கே சத்தமாகக் கேட்டது. கடிகாரம் திரும்பிப் பார்த்தார். "எட்டு. ஆறு."

எஞ்சின் கிளப்பிய புழுதி தரையோடு தரையாகப் படர, அதன்மேல் ஏறி அந்த நிழல் எங்களை நோக்கி ஓடி வந்துகொண்டிருந்தது.

"நாலு," என்றேன். "மூணு. ரெண்டு." முன்னங்கால் ஒன்று திரையில் நீண்டிருந்தது. அதன் வட்டப் பாதம் தெரிந்தது. தரைமேல் அதே வட்டம் கறுப்பாக, கொஞ்சம் நீண்டு, அதை நோக்கி வந்தது.