டபேதார் திரும்பிப் பார்த்தார் என்ற வாக்கியம்

1

இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நேற்று சாயங்காலம் எதிர் வீட்டு அக்கா எங்கள் வீட்டு மாடிப்படியில் உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார். கொஞ்ச நாளாகவே அவருக்கு நாலடி நடந்தால் மூச்சு முட்டுகிறது. இதயத்தில் ஏதோ கோளாறு, மறுநாள் பெரிய டாக்டரைப் பார்க்கப் போகிறோம் என்றார். பேச்சோடு பேச்சாக ஒரு வார்த்தை சொன்னார்.

"கல்யாணம் ஆன நாள்லேர்ந்து இவரு மூஞ்சியை விட முதுகைத்தான் நான் ஜாஸ்தி பார்த்திருக்கேன்."

சொல்லிவிட்டுச் சிரித்தார். நானும் சிரித்தேன். சிரிப்பு அடங்கிவிட்டது, வார்த்தை போகவில்லை.

இன்று காலை அக்காவும் அவர் கணவரும் ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினார்கள். கணவர் முன்னால், அக்கா பின்னால். தெருமுனை திரும்பி மறையும் வரை ஜன்னலில் நின்று பார்த்துவிட்டு, வந்து உட்கார்ந்து எழுத ஆரம்பித்தேன். என் மேஜை சுவரைப் பார்த்துப் போட்டிருக்கிறது. ஜன்னல் என் முதுகுக்குப் பின்னால் இருக்கிறது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

2

கணவரின் பெயரைத் தெருவில் யாரும் சொல்லிக் கேட்டதில்லை. டபேதார் என்றால்தான் தெரியும். வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகும் பால்காரர், தையற்காரர், அக்கா உட்பட எல்லோருக்கும் அவர் டபேதார்தான்.

அவரை எப்படிக் கதைக்குள் கொண்டுவருவது? முதலில் இப்படித் தொடங்கினேன்:

"வெள்ளைச் சீருடை, தோளிலிருந்து இடுப்புக்குச் சிவப்பு வார், அதில் பளபளக்கும் பித்தளை வில்லை. அவர் நடந்து வந்தால் கூட்டம் தானாகவே விலகி—"

வேண்டாம். வில்லையைப் பார்த்துக்கொண்டே இருந்தால் ஆளைப் பார்க்க மறந்துவிடுவீர்கள்.

அடுத்தது: "டபேதார் என்பது பாரசீகத்திலிருந்து வந்த சொல்." பாடப் புத்தக வாசனை அடிக்கிறது. ஆனால் இதைச் சொல்லாமல் கதை நகராது, அதனால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

'தஃபா' என்றால் ஒரு சிறு அணி. 'தார்' என்றால் அதை வைத்திருப்பவர், அதற்குப் பொறுப்பானவர். பழைய இந்தியக் குதிரைப் படைகளில் ஒரு சிறு அணியை நடத்திப் போனவர் தஃபேதார்.* நம் நாக்கு அதை டபேதார் ஆக்கிக்கொண்டது. பிறகு நிர்வாகம் கட்டிடங்களுக்குள் வந்தது. நாற்காலிகள் வந்தன, கோப்புகள் வந்தன. குதிரை போயிற்று, ஈட்டி போயிற்று, பட்டம் மட்டும் பெரிய அதிகாரியின் அறை வாசலுக்கு வந்து நின்றுகொண்டது. அதிகாரிக்கு முன்னால் நடந்து, வழி விலக்கி, கதவைத் திறந்து விடுகிறவருக்கு அந்தப் பெயர் ஆயிற்று.

(* அந்தப் பதவி சில படைகளில் இன்றும் இருக்கிறது. அந்த டபேதார்கள் என்னை மன்னிக்க வேண்டும். நான் எழுதுவது எதிர் வீட்டுக்காரரைப் பற்றி.)

ஒன்றைக் கவனியுங்கள். குதிரையில் போன டபேதாருக்குப் பின்னால் வந்தவர்கள் அவருடைய ஆட்கள். அலுவலகத்து டபேதாருக்குப் பின்னால் வந்தவர் அவருடைய எஜமான். இரண்டு பேரும் முன்னால்தான் போனார்கள். ஆனால் முதுகுக்குப் பின்னால் இருந்தது வேறு வேறு.

3

டபேதாரின் வேலையில் ஒரு பெரிய விதி உண்டு. திரும்பிப் பார்க்கக் கூடாது. பின்னால் வரும் அதிகாரியைத் திரும்பித் திரும்பிப் பார்த்தால் அது அவரை அவசரப்படுத்துவது போல ஆகிவிடும். நின்று காத்திருந்தாலும் மரியாதைக் குறைவு. ஆகவே காதால்தான் பார்க்க வேண்டும்.

அவர் அப்படித்தான் பார்த்தார். ஒவ்வொரு அதிகாரியின் காலணிச் சத்தமும் அவருக்கு அத்துப்படி. குதிகாலை இழுத்து நடப்பவர், படிக்கட்டில் மட்டும் வேகமாகிறவர், கோபத்தில் இருக்கும்போது மெதுவாக நடப்பவர். சத்தம் நெருங்கும் கணக்கில் அவர் கை கதவின் பிடிக்குப் போகும். கதவு திறக்கும். தலை குனியும். காலணிகள் அவரைக் கடந்து உள்ளே போகும். அவர் அதிகாரிகளின் முகங்களை விடக் காலணிகளைத்தான் அதிகம் பார்த்திருக்கிறார் என்று சொல்லலாம்.

இந்த நடை வீட்டுக்கும் வந்துவிட்டது. கடைத்தெருவுக்குப் போனாலும் கல்யாணத்துக்குப் போனாலும் அவர் முன்னால், அக்கா பின்னால். அக்காவின் இடுப்பில் எப்போதும் ஒரு சாவிக்கொத்து தொங்கும். வாசல், அலமாரி, பெட்டி, எதைத் திறக்கும் என்று அவருக்கே மறந்துபோன பழைய சாவிகள் எல்லாம் அதில் உண்டு. நடந்தால் சலசலக்கும். அதைக் கேட்டுக்கொண்டே டபேதார் முன்னால் போவார். சத்தம் நின்றால் அவரும் நிற்பார், திரும்பாமல். மறுபடி சலசலத்தால் நடப்பார்.

(இந்த இடத்தில் உங்களுக்கு அவர் மேல் எரிச்சல் வரலாம். எனக்கும் வந்தது. 'ஆணவம்' என்று எழுதி அடித்தேன். 'பழக்க தோஷம்' என்று எழுதினேன், அதையும் அடித்தேன். அக்கா நேற்றுச் சொன்னதில் பாதியைத்தான் உங்களுக்குச் சொன்னேன். சிரித்து முடித்த பிறகு இன்னொன்றும் சொன்னார்: "ஆனா ஒண்ணும்மா, நான் போற வழியில ஒரு கல்லு கிடந்து பார்த்ததில்லை." உண்மைதான். ஒடிந்து கிடக்கும் கிளையைக் காலால் ஓரம் தள்ளுவார். வண்டிகளைக் கை காட்டி நிறுத்துவார். நாயைச் 'சூ' என்று விரட்டிவிட்டுத்தான் போவார். அந்த மனிதருக்குப் பிரியம் காட்டத் தெரிந்தது அப்படித்தான். அதை முதலிலேயே சொல்லியிருந்தால் கதை இனிப்பாகிவிடும் என்று மறைத்து வைத்திருந்தேன்.)

4

ஓய்வு பெறுவதற்குக் கொஞ்சம் முன்பு அலுவலகத்தில் ஒன்று நடந்தது.

கூட்ட அரங்கின் இரட்டைக் கதவை டபேதார் திறந்தார். தலை குனிந்து ஓரமாக நின்றார். உள்ளே இருந்தவர்கள் நாற்காலிகளை இழுத்துத் தள்ளிக்கொண்டு ஒட்டுமொத்தமாக எழுந்தார்கள். யாரும் உள்ளே வரவில்லை. அவர் தலை குனிந்தபடி நின்றார். அவர்களும் நின்றார்கள். வெறும் வாசலுக்கு அத்தனை பேர் எழுந்து மரியாதை செய்துகொண்டிருந்தார்கள். கடைசியில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். நடைவழியின் கோடியில் அதிகாரி போன் பேசிக்கொண்டு நின்றுவிட்டது அப்போதுதான் தெரிந்தது.

அவர் வந்து கிண்டலாக, என்ன டபேதார், என்னை விட்டுட்டு வந்துட்டீங்களே என்றாராம். எல்லோரும் சிரிக்க, டபேதாரும் சிரித்தார். ஆனால் குனிந்திருந்த அந்த நேரத்தில் அவருக்கு விஷயம் புரிந்துபோயிருக்க வேண்டும். காலணிச் சத்தம் பல மாதமாகவே தேய்ந்துகொண்டு வந்திருந்தது. கேட்காததைப் பழக்கத்தால் நிரப்பிக்கொண்டு அவர் நடந்துவந்தார். அன்றைக்குப் பழக்கம் கைவிட்டுவிட்டது.

காது போவதை அவர் யாரிடமும் சொல்லவில்லை. அக்காவிடமும் சொல்லவில்லை.

5

அக்காவுக்குத் தெரியும்.

ஒரு நாள் கடைத்தெருவில் செருப்பு வார் அறுந்து அக்கா நின்றுவிட்டார். சாவிச் சத்தமும் நின்றது. டபேதார் நிற்கவில்லை. கல்லை ஓரம் தள்ளிக்கொண்டு, வண்டியைக் கை காட்டி நிறுத்திக்கொண்டு, தெருவின் கோடி வரைக்கும் போய்விட்டார். அங்கே போய் நின்று, எதையோ கடையில் பார்ப்பது போல உடம்பை லேசாகச் சாய்த்து, ஓரக்கண்ணால் தேடினார். அக்கா அதைப் பார்த்துவிட்டார். அறுந்த செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு வேகமாக நடந்து போய், ஒன்றும் நடக்காத மாதிரி சேர்ந்துகொண்டார்.

அதற்குப் பிறகு அக்கா பின்தங்குவதே இல்லை. கால் வலித்தாலும் மூச்சு வாங்கினாலும் ஓட்டமும் நடையுமாக அந்த முதுகைப் பிடித்துக்கொண்டு போனார். அவரிடம் ஏன் சொல்லக் கூடாது என்று நேற்று கேட்டேன்.

"காதுதான் அவருக்கு உத்தியோகம். அதுவும் போச்சுன்னு என் வாயால சொல்லணுமா?"

இப்போது உங்களுக்கு நிலைமை தெரிந்துவிட்டது. தன் காது கேட்கவில்லை என்பது மனைவிக்குத் தெரியாது என்று அவர் நினைக்கிறார். தனக்குத் தெரியும் என்பது அவருக்குத் தெரியக் கூடாது என்று அவர் மனைவி நினைக்கிறார். இந்த இரண்டு பேரும் இன்று காலை முன்னும் பின்னுமாக ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கிறார்கள். அக்காவின் இதயம் இன்றைக்கு ஓட்டமும் நடையும் தாங்காது.

(போன் செய்து கேட்க வேண்டியதுதானே என்பீர்கள். செய்தேன். அக்காவின் போன் எதிர் வீட்டுக்குள்ளேயே அடித்து ஓய்ந்தது. டபேதாரின் போன் அடித்தால் அவருக்குக் கேட்காது.)

6

அந்த ஆஸ்பத்திரி எனக்குத் தெரியும். தரையில் வழி காட்டும் கோடுகள் இருக்கும். நீலம் எக்ஸ்ரேக்கு, மஞ்சள் ரத்தப் பரிசோதனைக்கு, சிவப்பு இதய டாக்டருக்கு. சிவப்புக் கோடு நீளமான நடைவழியில் போய் ஒரு கண்ணாடிக் கதவில் முடியும். இருபுறமும் பெஞ்சுகள்.

டபேதார் சிவப்புக் கோட்டில் நடக்கிறார். எதிரே வரும் தள்ளுவண்டியை ஒதுங்கச் சொல்லிக் கை காட்டுகிறார். கீழே கிடந்த பஞ்சுச் சுருளைக் காலால் தள்ளுகிறார். பின்னால் சாவிக்கொத்து சலசலக்கிறதா இல்லையா என்று அவருக்குத் தெரியாது. சலசலக்கிறது என்று நினைத்துக்கொள்கிறார். கதவை அடைகிறார். பிடியில் கை வைத்துத் திறக்கிறார். ஓரமாக நின்று தலை குனிகிறார். பார்வை தரையில் இருக்கிறது. அக்காவின் செருப்பு அவரைக் கடந்து உள்ளே போக வேண்டும்.

இங்கே நின்றுவிட்டேன். மூன்று விதமாக எழுதிப் பார்த்தேன்.

அ. "யாரும் கடக்கவில்லை. நிமிர்ந்து பார்த்தார். அக்கா நடுவழியில் ஒரு பெஞ்சில் உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டு, வர்றேன் வர்றேன் என்று கையாட்டினார்." நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் இதை எழுதியது என் பயம்.

ஆ. "யாரும் கடக்கவில்லை. அவர் தலை குனிந்தபடியே நின்றுகொண்டிருந்தார். நடைவழியின் மறுகோடியில் ஆட்கள் வட்டமாகக் குனிந்து, தரையில் சாவிக்கொத்து ஒன்று—"

இதை முடிக்க என் கைக்கு மனம் வரவில்லை.

இ. "பாதி வழியில், காரணமில்லாமல், டபேதார் திரும்பிப் பார்த்தார்."

இந்த வாக்கியத்தோடுதான் காலையிலிருந்து மல்லுக்கட்டுகிறேன். எழுதுகிறேன், அடிக்கிறேன். வேலைக்குப் போன காலம் முழுக்கத் திரும்பாத கழுத்தை நான் நினைத்தவுடன் திருப்ப முடியுமா? 'காரணமில்லாமல்' என்று எழுதுவது ஏமாற்று வேலை. காரணம் வேண்டும்.

7

தேடியதில் ஒன்று அகப்பட்டது.

போன மாதம் ஒரு நாள் காலையில் டபேதார் தன் வீட்டு வாசலில் செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார். அவர் பட்டத்துக்கு என்ன அர்த்தம் என்று தெரியுமா என்று பக்கத்தில் போய்ச் சத்தமாகக் கேட்டேன். முன்னால் போகிறவன், வேறென்ன என்றார். நான் எனக்குத் தெரிந்த குதிரைக் கதையைச் சொன்னேன். அணி, ஆட்கள், அவர்களை நடத்திப் போகும் தலைவர். என் உதடுகளையே பார்த்துக்கொண்டு கேட்டார். தன் தோளில் ஒரு காலத்தில் வார் இருந்த இடத்தைத் தடவிக்கொண்டு, குதிரையெல்லாம் நமக்கு முந்தியே போயிடுச்சா என்று சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது.

"எழுத்தாளரம்மா, அந்த டபேதாரு திரும்பிப் பார்ப்பாரா?"

"யாரை?"

"பின்னால வர்ற ஆளுங்களை."

அது எனக்குத் தெரியாது. எந்த அகராதியிலும் அது இல்லை. ஆனாலும் சொன்னேன்: "பார்த்துத்தானே ஆகணும்? அவங்களைப் பத்திரமாத் திரும்பக் கூட்டிட்டு வர்றது அவர் பொறுப்பு இல்லையா?"

அவர் செய்தித்தாளை மடித்தார். அதை இன்னொரு தடவை மடித்தார். உள்ளே அக்கா பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார். டபேதார் கழுத்தைத் திருப்பி, அடுக்களைப் பக்கம் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

இது காரணமாகுமா? தெரியவில்லை. உட்கார்ந்த இடத்தில் கழுத்தைத் திருப்புவது வேறு, நடக்கும்போது திருப்புவது வேறு. நான் யோசிக்காமல் சொன்ன ஒரு பதிலை நம்பி அந்த நடைவழியில் அவரை விட்டிருக்கிறேன்.

8

வெயில் இறங்கிவிட்டது. இதற்குள் வந்திருக்க வேண்டும்.

நானும் இத்தனை நேரம் அவரைப் போலத்தான் நடந்துகொண்டிருக்கிறேன். நீங்கள் பின்னால் வருகிறீர்கள் என்று நினைத்துக்கொண்டு, கண்ணில் பட்ட கல்லையெல்லாம் ஓரம் தள்ளிக்கொண்டு, திரும்பாமல். எந்த இடத்தில் நின்றீர்கள், எங்கே மூச்சு வாங்கினீர்கள் என்று எனக்குத் தெரியாது. எழுதுகிறவளுக்கு வாசிப்பவரின் காலடி கேட்பதில்லை.

இப்போது தெருமுனையில் ஒரு சத்தம்.

சாவிக்கொத்துதான். அந்தச் சலசலப்பு எனக்கு நன்றாகத் தெரியும். அக்கா வீட்டுக் கொத்து. ஆனால் அது அக்காவின் இடுப்பில் இருக்கிறதா, தனியாக வீட்டைத் திறக்க வரும் டபேதாரின் கையில் இருக்கிறதா? சத்தத்தை வைத்து அதைச் சொல்ல முடியாது. செருப்புச் சத்தமும் கேட்கிறது. ஒருவர் செருப்பா இருவர் செருப்பா என்று பிரித்துச் சொல்ல, என் காது அவருடைய பழைய காது இல்லை.

ஜன்னல் என் முதுகுக்குப் பின்னால் இருக்கிறது என்று சொன்னேன், ஞாபகம் இருக்கிறதா? எழுந்து போய்ப் பார்த்தால் தெரிந்துவிடும். கழுத்தைத் திருப்பினாலே போதும். என்னால் முடியவில்லை. இத்தனை வருஷம் அவர் எப்படித் திரும்பாமல் இருந்தார் என்று கேட்டுக்கொண்டிருந்தேன். இப்போது புரிகிறது. திரும்பாத வரைக்கும் பின்னால் ஆள் வருகிறது.

சத்தம் எதிர் வீட்டு வாசலுக்கு வந்துவிட்டது. 'டபேதார் திரும்பிப் பார்த்தார்' என்ற வாக்கியத்தை அடிக்காமல் விட்டு வைத்திருக்கிறேன். அது நிற்குமா நிற்காதா என்பதை இனி நீங்கள்தான் சொல்ல வேண்டும். நீங்கள் எனக்குப் பின்னால், ஜன்னலுக்குப் பக்கத்தில்தானே இருக்கிறீர்கள். கொஞ்சம் எட்டிப் பாருங்கள்.

அக்கா வருகிறாரா?