வலம் வராத ஒளி

காஞ்சிபுரம் கல்லூரிக்குப் ஒரு கரைசல் ஒளியை எந்தப் பக்கம் திருப்புகிறது என்று அளக்கும் புது போலரிமீட்டர் போகிறது என்றதும், நான் வேலை பார்க்கும் கம்பெனியில் கேட்டு வாங்கிக்கொண்டு நானே கிளம்பினேன். அங்கே வேதியியல் துறைத்தலைவர் வேணுகோபால் சார். நான் அவருடைய பழைய மாணவி, முசரவாக்கம் திரிஷா. எங்கள் வீட்டில் படித்துப் பட்டம் வாங்கிய முதல் ஆள்.

கண்ணாடியும் பிம்பமும் மாதிரி இரட்டையாக வரும் மூலக்கூறுகளுக்கு R, S என்று பேர்; அதை அவர் நடத்திய பாடத்தை யாரும் மறக்க முடியாது. "கோயில எப்டிப்பா சுத்துவீங்க? வலமா. R மூலக்கூறு ஒளிய அப்டித்தான் திருப்பும். S-ன்னா இடம்."

கடைசி வருட வைவாவில், வெளியூர்த் தேர்வாளர் முன்னால் அவர் அதையே சொன்னபோது, "அது தப்பு சார்" என்றேன். "R, S நாம வெக்கிற பேரு. கார்பனச் சுத்தி எது எது இருக்குதுன்னு வரிசை போட்டு வெக்கிறோம். ஒளி எந்தப் பக்கம் திரும்பும்னு அளந்தாத்தான் தெரியும்."

சார் சிரித்தார். "வலம் வர்றதப் பத்தி நீ எனக்குச் சொல்றியாமா? உங்க தெரு ஆளுங்க கோயிலுக்குள்ள வந்ததே நேத்துதான்."

தேர்வாளரும் சிரித்தார். என்னை ஃபெயிலாக்கினார்கள். மறுபடி எழுதிப் பட்டம் வாங்குவதற்குள், கிடைத்திருந்த எம்.எஸ்சி. சீட் போனது.

இன்று வகுப்பறையில் கருவியை வைத்து மாட்டினேன். மாணவர்கள் நிறைந்திருந்தார்கள். முதல்வர் அம்மாவும் வந்திருந்தார்.

"திரிஷாவா! பெரிய ஆளாயிட்டியேமா."

"எல்லாம் நீங்க பண்ணதுதான் சார்."

"R சாம்பிள் எதுனா வெச்சிருக்கியா?"

வைத்திருந்தேன். அதற்காகவே கொண்டுவந்த R கார்வோன், ஒரு வாசனை எண்ணெய். சார் குப்பியை முதல்வரிடம் காட்டினார். "பாருங்க மேடம், இது R. வலப்பக்கம் திருப்பும், பிளஸ்ல வரும்."

அப்போதே தடுத்திருக்கலாம். தடுக்கவில்லை. பொத்தானை அவரையே அழுத்தச் சொன்னேன்.

திரையில் மைனஸ். இடப்பக்கம்.

"மெஷின்ல கோளாறுமா."

சர்க்கரைக் கரைசலை ஊற்றி வைத்தேன். புத்தகத்தில் இருக்கிறபடியே பிளஸ் வந்தது.

"அப்ப உன் குப்பி மாறிப்போயிருக்கும்."

"S கார்வோன்னா சதகுப்பை வாசம் வரும். R-ன்னா புதினா. மோந்து பாருங்க மேடம்."

முதல்வர் முகர்ந்தார். "புதினாதான் சார். அப்ப இத்தினி வருஷமா பசங்களுக்கு என்ன சொல்லிக்கினு இருந்தீங்க?"

பின்னால் எவனோ களுக்கென்று சிரித்தான். சார் என் பக்கம் குனிந்தார். "வெளிய வாம்மா, பேசிக்கலாம்."

"அன்னைக்கு என்னை வெளிய கூப்ட்டா பேசினீங்க? போர்டுல எழுதுங்க சார். R கார்வோன், மைனஸ்."

முதல்வர் போர்டு பக்கம் திரும்பி நின்றார். சார் சாக்பீஸை எடுத்தார். ஓரமாக, எறும்பு மாதிரி எழுதினார்.

"பெருசா சார். கடைசி பெஞ்சுக்குத் தெரியல."

மூன்று வருடம் என்னை அங்கேதான் உட்காரவைத்திருந்தார். அழித்துவிட்டு மறுபடி எழுதினார். எழுதி முடிக்கும்வரை நான் நகரவில்லை.