டப்பா இல்லாத கதவு

முடிகிறவரை யாருக்கும் காட்டக் கூடாது. எங்களுக்குள் இருந்த ஒரே விதி அது. அதைக்கூடக் காப்பாற்றத் துப்பில்லை என் அண்ணனுக்கு.

சின்ன வயதில் நாங்கள் அடித்துப் பிடித்துக்கொண்டு ஆடிய வீடியோ கேம். ஒரு பையனும் அவனோடு சுற்றும் ரோபோவும். ரோபோவுக்கு நாங்கள் வைத்த பெயர் டப்பா. முதல் பாகத்தோடு நிறுவனம் கையைக் கழுவிவிட்டது. மிச்சக் கதையை நாமே செய்வோம் என்று, வேலை முடிந்து வந்த பிறகு இரண்டு பேரும் ஒரே மேசையில் உட்கார்ந்தோம். அவன் வரைவான், நான் நிரல் எழுதுவேன். காசுக்காக இல்லை, ஆசைக்காக. ஆனால் பாத்திரங்கள் நிறுவனத்துடையவை. பாதியில் தெரிந்தால் தடுப்பார்கள். முழுதாக வெளியாகிப் பரவிவிட்டால் ஒன்றும் செய்ய முடியாது என்பது எங்கள் கணக்கு. விதி அதற்குத்தான்.

அண்ணனுக்குக் கை அரித்தது. டப்பா நடக்கிற காட்சியை இணையத்தில் போட்டுவிட்டான். பாராட்டு குவிந்தது, உச்சி குளிர்ந்து திரிந்தான். அந்த வாரமே நிறுவனத்தின் வக்கீல் கூப்பிட்டார். பையனை வேறு மாதிரி வரைந்துகொள்ளலாமாம். ரோபோதான் அவர்களின் முத்திரையாம், அது மட்டும் இருக்கவே கூடாதாம்.

"இப்படி ஆகும்னு எனக்கு எப்படித் தெரியும்?" என்றான்.

"பேசி வச்சதாவது தெரியும்ல? ஊரெல்லாம் தம்பட்டம் அடிக்கச் சொல்லி யாருண்ணா கேட்டா?"

"அதுக்காக எல்லாத்தையும் தூக்கிப் போட முடியுமா? பையன்தானே ஹீரோ. டப்பா இல்லாமலே விளையாடட்டும்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எங்கள் கதையில் டப்பா மெதுவாகத்தான் வரும். இருவரும் வந்து நின்றால்தான் கதவு எதுவும் திறக்கும். முன்னால் ஓடிய பையன் வாசலில் நின்று திரும்பிப் பார்ப்பான். அதை நான் கற்பனையில் எழுதவில்லை. பள்ளிக்கூடம் விட்டதும் அண்ணன் கேட் பக்கத்தில் எனக்காக அப்படித்தான் நிற்பான். எவ்வளவு தாமதமானாலும் நிற்பான். அவனுக்கு அது மறந்தே போய்விட்டது என்பதுதான் என் வயிற்றெரிச்சல்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அவனே டப்பாவை அழித்தான். நான் தொட மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். அழித்துவிட்டு ஓட்டிப் பார்த்தான். பையன் ஓடினான். முதல் கதவில் நின்றான். திரும்பிப் பார்த்தான். அதற்கு மேல் நகரவில்லை.

அண்ணன் பட்டனைத் தட்டு தட்டென்று தட்டினான்.

"இங்க சிக்கிக்கிச்சு. கொஞ்சம் சரி பண்ணிக் குடு."

"ஒண்ணும் சிக்கல. டப்பா வரட்டும்னு நிக்கிறான். உன்னை மாதிரி விட்டுட்டு ஓட அவனுக்குத் தெரியாது."

அண்ணன் கையை எடுத்தான். பையனையே பார்த்தான். பிறகு என் பக்கம் திரும்பிப் பார்த்தான். நிரலில் ஒரே வரியை மாற்றினால் கதவு திறந்துவிடும். நான் மாற்றவில்லை.